தாயின் நலம் கேட்ட தந்தி

ஆவடியிற் பிறந்து வளர்ந்த எம்போலியர்க்குக் கடல் என்பது விடுமுறை நாளில் மின்வண்டியேறிச் சென்று, கண்டு, கால் நனைத்து மீளும் ஒரு காட்சியேயன்றி வாழ்வின் பகுதியன்று. எம் பக்கத்து ஊர்களுக்கு அணியாயமைந்தவை ஏரிகளே. பருத்திப்பட்டு ஏரிக் கரையிலும் அம்பத்தூர் ஏரிக் கரையிலும் எம் சிறுபருவம் கழிந்தது. பூவிருந்தவல்லிக்கு அப்பால் விரிந்து கிடக்கும் செம்பரம்பாக்கம் ஏரியை முதன்முறை கண்ட நாளில், கடல் இதனினும் பெரிதோ என ஐயுற்றதும் உண்டு. போர்க்கருவி என்று சொல்லின் எம் நினைவிற்கு வருவதும் கப்பலன்று. 1965-ஆம் ஆண்டில் முதல் விஜயந்தா டாங்கியை வெளியிட்ட எம்மூர்த் தொழிற்சாலையும், அதன் மதிலுக்கு அப்பாலிருந்து எழும் பொறியோசையுமே.

அங்ஙனமிருந்தும் எம் இல்லத்தில் நாடோறும் வழங்கிய சொல்லொன்று கடலினின்றும் வந்தது. யாம் ஏதேனும் சூழ்ச்சி செய்து அகப்பட்டுக்கொண்டால், எம் ஆயா, “இவன் சரியான எம்டன்” என்று கூறிச் சிரிப்பார். 1914-ஆம் ஆண்டு செப்டம்பர் 22-ஆம் நாள் இரவு, எம்டன் என்னும் ஜெர்மானியப் போர்க்கப்பல் சென்னைக் கரையை நெருங்கி, பர்மா எண்ணெய்க் கம்பெனியின் தொட்டிகளைச் சுட்டுக் கொளுத்திவிட்டு இருளில் மறைந்தது. நகரமாந்தர் பலர் அஞ்சி உள்நாட்டை நோக்கி ஓடினர். அடுத்த திங்கள் 28-ஆம் நாள் அதே கப்பல் பினாங்குத் துறைமுகத்துட் புகுந்தபோது, தனக்குரிய மூன்று புகைபோக்கிகளோடு நான்காவதாகப் பொய்ப் புகைபோக்கி ஒன்றையும் தாங்கி, ஆங்கிலக் கப்பல் போலத் தோற்றங் காட்டிற்று. அங்கே ருஷியக் கப்பலொன்றை மூழ்கடித்தது. நவம்பரில் எம்டனும் அழிந்தது. சொல் மட்டும் அழியவில்லை. தம் நகரைச் சுட்ட பகைவனின் பெயரைத் திட்டுச்சொல்லாக்காது, வல்லவன் என்றும் சூழ்ச்சிக்காரன் என்றும் பொருள்படுமாறு வியப்போடு வழங்கிய சென்னை மாந்தரின் மனப்பான்மை தனியே ஆராய்தற்குரியது. அதனை வேறொரு சமயத்திற்கு விடுத்தோம்.

எம் தமையனார் நான்கு ஆண்டுகளுக்கு முன்னர்க் கடற்படையில் மாலுமியாய்ச் சேர்ந்தார். கடலில்லாத ஊரிலிருந்து கடலுக்குச் சென்ற முதற்பிள்ளை அவரே என எம் தெருவார் சொல்வர். சென்ற ஆண்டு ஜூலைத் திங்களில் எம் அன்னையார் பித்தப்பையிற் கல் தோன்றி நோயுற்று, அறுவை மருத்துவம் செய்துகொள்ள நேர்ந்தது. அப்போது தமையனாரின் கப்பல் கடலில் இருந்தது. யாம் விடுத்த செய்தி ஒன்பதாம் நாளே அவர் கையிற் சேர்ந்தது. யாரையும் குறைகூற இடமில்லை. கடற்பணியின் இயல்பு அது. ஆயினும் அந்த ஒன்பது நாளும், “அவனுக்குத் தெரியுமா?” என்னும் ஒரு வினாவையே அன்னையார் காலையும் மாலையும் வினவிக்கொண்டிருந்தார்.

செப்டம்பரில் அவர் விடுமுறையில் வந்தார். ஓரிரவு உணவிற்குப் பின் யாவரும் அமர்ந்திருக்கையில், கடற்படையினர் தம்முட் பேசிக்கொள்ளும் பழங்கதைகளுள் ஒன்றைச் சொல்லத் தொடங்கினார். 1971-ஆம் ஆண்டுப் போரில், ‘விக்ராந்த்’ என்னும் விமானந்தாங்கிக் கப்பல் இல்லாத இடத்தில் அஃது இருப்பதாகப் பகைவரை நம்புவிக்கவேண்டி, நம் கடற்படைத் தலைவர் ஒருவர், அக்கப்பலின் மாலுமி ஒருவன் கடுநோயுற்ற தன் தாயின் நலம் வினவியதுபோல் ஒரு தந்தியை, யாவரும் ஒட்டுக்கேட்கக்கூடிய வகையில் அனுப்பச் செய்தார் என்பதே அக்கதை. தமையனார் சிரித்தார், யாமும் சிரித்தோம், “எம்டன்!” என்றார் ஆயா. அன்னையார் மட்டும் சிரித்திலர்.

“அந்தப் பையனுக்கு உண்மையிலேயே ஒரு தாய் இருந்தாளா?” என்று கேட்டார்.

“பையனே இல்லையம்மா, தாய்க்கு எங்கே போவது?” என்றார் தமையனார்.

“அப்படியானால், அதை நம்பி வந்த பிள்ளைகளுக்கு?”

அன்னையார் எழுந்து உள்ளே சென்றுவிட்டார். அன்றிரவு அப்பேச்சு அதனோடு நின்றது. ஆயினும் அவ்வினா எம்மைக் கல்லூரி நூல்நிலையம் வரை தொடர்ந்து வந்தது.

அத்தந்திக்குக் காரணராயிருந்தவர் வைஸ் அட்மிரல் நீலகண்ட கிருஷ்ணன் என்பார். அவர் 1919-ஆம் ஆண்டு நாகர்கோவிலிற் பிறந்தவர். ஆங்கில ஆட்சிக் காலத்து இந்தியக் கடற்படையில் இளைஞராய்ப் புகுந்து, இரண்டாம் உலகப்போரில் 1941-ஆம் ஆண்டு பாரசீக வளைகுடாவில் ஆற்றிய செயல்களுக்காக அரசரின் சிறப்புச் சேவைச் சிலுவையைப் பெற்றார். நாடு விடுதலையடைந்தபின் அதே கடற்படையில் குடியரசின் கொடியின்கீழ் நின்றார். 1961-ஆம் ஆண்டில் டையூவின் கரையருகே நின்ற ‘டெல்லி’ கப்பலுக்கு அவரே தலைவர். பின்னர் ‘விக்ராந்’திற்கும் தலைவராயிருந்தார். இதனை இங்கே கூறுவதற்குக் காரணம் உண்டு. 1971-இல் எந்தக் கப்பலைப் பகைவர் கண்ணினின்றும் மறைக்க அவர் பாடுபட்டாரோ, அந்தக் கப்பலின் ஒவ்வொரு படியிலும் அவர் ஏறியிறங்கியவர்.

அவ்வாண்டில் அவர் விசாகப்பட்டினத்திலிருந்து கிழக்குக் கடற்படைப் பிரிவை நடத்தினார். கிழக்கு வங்காளத்தினின்றும் ஏறத்தாழ ஒரு கோடி மக்கள் இந்திய எல்லைக்குள் ஏதிலிகளாய் வந்திருந்தனர். போர் வருவது உறுதியாயிற்று. விக்ராந்தின் நான்கு கொதிகலன்களுள் ஒன்று விரிசல் கண்டிருந்தது. விரைந்து ஓடவியலாத அக்கப்பல் நீர்மூழ்கிக்கு எளிதில் இரையாகும். பாகிஸ்தானத்திடமிருந்த நீர்மூழ்கிகளுள் கராச்சியிலிருந்து இலங்கையைச் சுற்றி வங்காள விரிகுடா வரை வரத்தக்கது ஒன்றே: 1964-ஆம் ஆண்டில் அமெரிக்கா அந்நாட்டிற்கு அளித்த ‘காஜி’. அது நவம்பர் 14-ஆம் நாள் கராச்சியினின்றும் புறப்பட்டது. அதன் வருகையை நம்மவர்க்குக் காட்டிக்கொடுத்தது ஓர் எண்ணெய். நீர்மூழ்கிகளுக்கும் கண்ணிவாரிக் கப்பல்களுக்குமே பயன்படும் உயவெண்ணெய் ஒன்றைப்பற்றிச் சிட்டகாங்கிற்கு வந்த கம்பியில்லாச் செய்தியை நம்மவர் இடைமறித்துக் கேட்டனர். பேரரசுகளின் மறைபொருள் எண்ணெய்ப் பீப்பாயின் வழியே ஒழுகிவிடுகின்றது!

கிருஷ்ணன் விக்ராந்தை அந்தமான் தீவுகளின் மறைவிற்கு அனுப்பிவிட்டு, அஃது இல்லாத இடங்களிலெல்லாம் அதனை ‘உண்டாக்க’த் தொடங்கினார். ‘ராஜ்புத்’ என்னும் பழைய நாசகாரிக் கப்பலை விசாகப்பட்டினத்திற்கு வெளியே நிறுத்தி, பெருங்கப்பலொன்று பேசுமளவிற்குக் கம்பியில்லாச் செய்திகளை இடையறாது அனுப்பச் செய்தார். ஒரு விமானந்தாங்கிக் கப்பலின் ஆட்களுக்குப் போதுமான இறைச்சியும் காய்கறியும் கடைகளிற் கேட்கப்பட்டன. கடைத்தெருவிற் சொல்லப்படுவது ஊரெங்கும் பரவும் என்பதை அவர் அறிவார். சென்னையிலிருந்த கடற்படை அதிகாரிக்கும், விக்ராந்த் வருகின்றது, துறைமுகத்தில் இடம் ஒதுக்குக எனச் செய்தி விடுத்தார். இவற்றின் முடிமணியாய் அமைந்ததே தாயின் நலம் கேட்ட அத்தந்தி.

டிசம்பர் 3-ஆம் நாள் மாலை பாகிஸ்தான விமானங்கள் நம் விமானத்தளங்களைத் தாக்கப் போர் மூண்டது. அன்று நள்ளிரவை ஒட்டி ராஜ்புத் துறைமுகத்தினின்றும் வெளிப்பட்டு, நீரிற் கலக்கங் கண்ட ஓரிடத்தில் வெடிகளை இறக்கிற்று. சிறிது நேரத்தில் கரையிலுள்ள வீடுகளும் அதிருமாறு பெருவெடி ஒன்று கேட்டது. மறுநாள் மீனவர் மிதக்கும் பொருள்களைக் கொண்டுவந்து கொடுத்தனர். காஜி தொண்ணூற்றுக்கு மேற்பட்ட மாந்தரோடு கடலடியிற் கிடந்தது. ஒருவரும் பிழைத்திலர். ராஜ்புத்தின் வெடியே அதனை அழித்ததென்பது நம் தரப்பு. தான் விதைத்த கண்ணியிலோ தன்னகத்து நிகழ்ந்த வெடிப்பிலோ அழிந்ததென்பது பாகிஸ்தானத்தின் தரப்பு. இவ்வழக்கு இன்றளவும் தீரவில்லை. ஆனால், தம் சூழ்ச்சியே அதனை அங்கே ஈர்த்ததென்று கிருஷ்ணன் கொண்டார். சரணன்றி வேறு வழியில்லை என்னும் பொருள்படும் தலைப்போடு அவர் ஆங்கிலத்தில் எழுதிய நூல் 1980-ஆம் ஆண்டில் வெளிவந்தது.

சென்ற டிசம்பரில் எம் வகுப்பினர் சிலர் விசாகப்பட்டினம் சென்றோம். அந்நகரக் கடற்கரையில், 2001-ஆம் ஆண்டு வரை பணியாற்றி ஓய்வுபெற்ற ‘குர்சுரா’ என்னும் நீர்மூழ்கி பொருட்காட்சிச் சாலையாய் நிற்கின்றது. அது காஜியன்று, சோவியத்து நாட்டிற் கட்டப்பட்டது. ஆயினும் நீர்மூழ்கியின் வயிறு எத்தகையதென்று அறிய அதுவே போதும். நீளம் 91 மீட்டர். உட்புகுந்தாலோ இருவர் எதிரெதிரே வந்தால் ஒருவர் சுவரோடு ஒட்டிக்கொள்ள வேண்டும். ஓர் அறையினின்றும் அடுத்த அறைக்குச் செல்லும் வட்டவாயிலிற் குனிந்து, காலை முதலில் நுழைத்து, பின்னர்த் தலையை இழுத்துக்கொள்ள வேண்டும். படுக்கைகள் அடுக்கடுக்காய்ச் சுவரிற் பொருத்தப்பட்டிருந்தன. எம் நண்பர் ஒருவர் அவற்றைக் காட்டி நகைச்சுவையாக ஏதோ கூறினார். விடுதி அறையோடு ஒப்பிட்டார் என நினைவு. எமக்கு அன்னையாரின் வினாவே காதில் ஒலித்தது. அப்படுக்கைகளிற் படுத்தவர் ஒவ்வொருவரும் யாரோ ஒருத்தியின் பிள்ளை. காஜி இன்னும் அந்நகரின் கரைக்கு அப்பால், எம் கண்ணெதிரே விரிந்திருந்த அந்நீரின் அடியிலேயே கிடக்கின்றது. நாற்புறமும் சிறுவர் பட்டம் விட்டுக்கொண்டிருந்தனர்.

மீளும்போது புகைவண்டியில் விடியும்வரை வழக்காடினோம். போரிற் பொய் கூறல் அறமா என்பதே பொருள். தமிழ் மாணாக்கர் கூடினால் தொல்காப்பியர் வாராதிருப்பரோ? ஆநிரையைக் களவிற் கவர்தலையே வெட்சியென முதற்கண் வைத்தார் அவர். போரின் தொடக்கமே மறைவுதான் என்றார் ஒருவர். வேதாகமத்தில் எரிகோ நகரத்து ராகாப், வேவுகாரரைத் தன் வீட்டு மேல்தளத்திற் சணற்றட்டைகளுள் ஒளித்துவைத்து, அவர்கள் போய்விட்டனர் எனப் பொய் சொன்னாளன்றோ? அவளை விசுவாசிகளின் வரிசையில் வைத்து எபிரெயர் நிருபம் போற்றுகின்றதன்றோ? என்றார் இன்னொருவர். 1907-ஆம் ஆண்டு ஹேக் உடன்படிக்கையும் போர்ச்சூழ்ச்சியைத் தடுக்கவில்லை; வெள்ளைக்கொடி காட்டிச் சுடுதல் போன்ற நம்பிக்கைத் துரோகத்தையே தடுத்தது என்றார் வரலாற்றுத் துறை நண்பர். இவையெல்லாம் மெய்யே. யாமோ வள்ளுவரைப் பற்றிக்கொண்டோம். நன்மை தரும் பொய்யை அவர் வாய்மையோடு வைத்தெண்ணினார். ஆனால் அந்நன்மை குற்றமற்றதாதல் வேண்டும் என்று ஓர் அடைமொழியும் கொடுத்தார். விக்ராந்தில் இருந்தோர் ஆயிரத்திற்கு மேற்பட்டோர் உயிரோடு வீடு திரும்பினர், அது நன்மை. தொண்ணூற்றுக்கு மேற்பட்டோர் திரும்பவில்லை. அந்த அடைமொழியை இங்கே எங்ஙனம் பொருத்துவது? அதே போரில் டிசம்பர் 9-ஆம் நாள் அரபிக் கடலில் நம் ‘குக்ரி’ கப்பலை ‘ஹாங்கோர்’ என்னும் பாகிஸ்தான நீர்மூழ்கி மூழ்கடித்தபோது, நம்மவர் 194 பேர் கப்பலோடு சென்றனர். கணக்கிட்டுக் கழித்துப் பார்க்கும் கணக்கன்று இது.

கிருஷ்ணனை யாம் குறைகூறவில்லை. தம் ஆட்களைக் காப்பது தலைவர் கடன்; அதற்கு அவர் குண்டைப் பயன்படுத்தியிருப்பின் ஒருவரும் வினவியிரார். எம்மை உறுத்துவது வேறொன்று. எத்தனையோ பொய்களுள் அவர் இதனைத் தேர்ந்ததன் காரணம் யாது? தாய் நோயுற்றாள் எனின், தாயையுடைய எவனும் அதனை ஐயுறான். இரு பக்கத்தார்க்கும் பொதுவாயிருந்த ஒன்றன்மேல் அப்பொய் ஏறிச் சென்றது. இதனை எண்ணிய பின் எமக்குச் சிரிப்பு வரவில்லை, அவ்வளவே.

பொய்க்கு மற்றொரு முகமும் உண்டென்பதை அப்போரின் இறுதியைப்பற்றிப் படிக்கும்போது கண்டோம். டிசம்பர் நடுவில் காக்ஸ் பஜார்க் கரையில் கூர்க்கா வீரரை இறக்கச் சென்ற ‘கரியால்’, ‘குல்தார்’ என்னும் இரு கப்பல்களும் போலந்து நாட்டின் பால்டிக் கரையிற் கட்டப்பட்டு, 1966-ஆம் ஆண்டில் நம்மை வந்தடைந்தவை. அம்முயற்சி இனிதாய் முடியவில்லை. ஆழமறியாது இறங்கிய வீரருள் இருவர் நீரில் மூழ்கி இறந்தனர். அக்கப்பல்களைத் தந்த நாட்டின் கடற்படை எத்தகையதென அறிய விரும்பித் தேடியபோது, ஸ்தனிஸ்வாவ் மியெஷ்கோவ்ஸ்கி என்னும் தலைவரின் வரலாறு கிட்டியது. 1939-ஆம் ஆண்டில் ஹிட்லரின் படையை எதிர்த்து ஹெல் தீபகற்பத்தைக் காத்தவருள் அவர் ஒருவர். போர்க்காலம் முழுதும் ஜெர்மானியச் சிறையிற் கழித்தார். நாடு திரும்பிப் பொதுவுடைமை அரசின்கீழ்ப் பணிபுரிந்து, 1949-ஆம் ஆண்டில் கப்பற்படையின் தலைவரானார். மறு ஆண்டே, ஒற்றர் எனப் பொய்க்குற்றஞ் சாட்டிச் சிறைப்படுத்தினர். போலந்துக் கடற்படைக்குச் சோவியத்து அதிகாரி ஒருவரே தலைவராய் அமர்ந்த காலம் அது. மியெஷ்கோவ்ஸ்கியை 1952-ஆம் ஆண்டு டிசம்பர் 16-ஆம் நாள் வார்ஸாவின் சிறையிற் கொன்று, அடையாளமற்ற குழியிற் புதைத்தனர். 1956-இல் அவர் குற்றமற்றவர் எனத் தீர்ப்பாயிற்று. ஆனால் எலும்புகள் கண்டறியப்பட்டுக் கடினியா நகரத்தில் அரச மரியாதையோடு அடக்கம் பெற்றது 2017-ஆம் ஆண்டிலேதான். அதுவும் டிசம்பர் 16-ஆம் நாளே.

அந்நாள் எமக்குப் பழக்கமான நாள். 1971-ஆம் ஆண்டு அதே டிசம்பர் 16-ஆம் நாள் மாலை, டாக்கா நகரத்தில் நியாசி சரணோலையிற் கையொப்பமிட்டார். அப்போது எடுத்த நிழற்படத்திற் பின்னே நிற்பவருள் ஒருவர் நாகர்கோவில் கிருஷ்ணன். ஒருவர் பகைவரை ஏமாற்றப் பொய் புனைந்தார். அவர் நாடு அவர்க்கு மறு ஆண்டு பத்மபூஷண் அளித்தது. ஓய்வுபெற்றபின் கொச்சிக் கப்பற்கட்டுந் தளத்தையும் அவரே நடத்தினார். 1982-இல் இயல்பாய் இறந்தார். மற்றொருவர் பொய் புனைந்தாரல்லர். அவர்மீது அவர் நாடே பொய் புனைந்தது. பகைவனிடம் சொல்லும் பொய்க்கு ஒரு கரையுண்டு. போர் முடிந்தால் அதுவும் முடியும். வென்றவர் தாமே நூலெழுதி ஒப்புக்கொள்ளவும் கூடும். தன் ஊழியனைக் குறித்து அரசு சொல்லும் பொய்யோ அறுபத்தைந்து ஆண்டு குழியிற் கிடந்தது. இரண்டையும் ஒரே தராசில் இட்டு எடையிட முனைந்த எம் முந்தைய எண்ணம் தவறென்பதை இங்கே ஒப்புக்கொள்கின்றோம்.

ஆயினும் அன்னையாரிடம் இவற்றையெல்லாம் எடுத்துரைத்தபோது, அவர் முழுதும் கேட்டுவிட்டு, போலந்து நாட்டவரின் மனைவி மக்களைப்பற்றி மட்டுமே வினவினார்.

செப்டம்பரில் விடுமுறை முடிந்து தமையனார் புறப்பட்ட நாளில், ஆவடி நிலையத்து முதல் நடைமேடையில் யாம் யாவரும் நின்றோம். அன்னையார் அவர் சட்டைப் பொத்தானைச் சரிசெய்துகொண்டே, “எதுவாயிருந்தாலும் உள்ளதை உள்ளபடி எழுது, ஐயா, ஒளிக்காதே” என்றார். இக்காலத்தில் தந்தி இல்லை. 2013-ஆம் ஆண்டிலேயே அது நாட்டில் நிறுத்தப்பட்டுவிட்டது. கைபேசியிலேயே செய்தி வரும். அதுவும் கப்பல் கரையை அடுத்தால்.

சென்ற திங்களில் ஓரிரவு அத்தகைய செய்தி ஒன்று வந்தது. “அம்மா நலமா? வயிற்றுவலி இல்லையே?” என்னும் இரண்டே வினாக்கள். அன்னையார் கண்ணாடியை அணிந்து இரண்டு முறை படித்தார். “அவன்தானா அனுப்பியது?” என எம்மை நோக்கி வினவினார். அவர்தாம் என்றோம். அன்று பகலெல்லாம் வலி திரும்பவும் கண்டு, அவர் கஞ்சியும் குடியாது படுத்திருந்தார். மறுநாட் காலை மருத்துவரிடம் செல்வதாக இருந்தோம்.

“சுகமாய் இருக்கிறேன் என்று எழுது” என்றார்.

யாம் அவ்வாறே எழுதி அனுப்பினோம்.